காத்துல போட்ட கட்டம்

பயந்துக்காதீங்க தம்பி. உங்களை ஒண்ணும் பண்ணலை, கைதான் தானா மேல போயிருச்சு. விசில் சத்தம் கேட்டாப் போதுமுங்க, என் ரெண்டு கையும் மேல எந்திரிச்சு காத்துல ஒரு கட்டம் போட்டுரும். மேல ஒரு கோடு, பக்கத்துக்கு ஒண்ணு, கீழ ஒரு கோடு. டாக்டர்கிட்டக் காட்டுனன். நரம்புல ஒண்ணுமில்லீங்க, விசில் கேக்காத எடமாப் பாத்து இருங்கன்னாரு. பஸ்ல போறவன் விசில் கேக்காம எப்படிங்க இருக்கறது?

நல்லாத் தள்ளி ஒக்காருங்க. பையை மேல போட்டுருங்க. டிக்கெட்டுக்கு அவசரமில்ல, கண்டக்டர் பின்னாலிருந்து வருவான். நெட்டையா ஒரு பையன், மேல கம்பி இடிக்குதுன்னு கழுத்தைச் சாச்சுக்கிட்டே வர்றான் பாருங்க, அவன்தான். நல்ல பையன். சில்லறை இல்லைன்னு யாரையும் ஒரு வார்த்தை சொல்ல மாட்டான். நீங்க கோயமுத்தூர் வரைக்குமா? நான் பல்லடத்துல எறங்கிருவனுங்க.

சத்தமாப் பேசறனா? பஸ்ல பாட்டுப் போட்டிருக்காங்கல்ல, அதனாலதான்.

என் பேரு சென்னியப்பன். தாராபுரத்துல கோச் சென்னியப்பன்னு கேட்டீங்கன்னா கையைப் பிடிச்சுக் கூட்டியாந்து விட்டுருவாங்க. முப்பத்தோரு வருஷம் பி.டி. மாஸ்டர். ரிட்டையர் ஆனப்பறம் எங்கூரு வளர்பிறை கூடைப்பந்துக் கழகத்துக்கு கோச். சம்பளமெல்லாம் கெடையாதுங்க, மரியாதைதான். அந்த மரியாதைக்குத்தான் போன வருஷம் ஆப்பு வெச்சானுங்க.

நீங்க கிரிக்கெட் பாப்பீங்கல்ல? அம்பயர் அவுட் குடுத்தா, இல்லைன்னு கையை வெச்சு ரிவ்யூ கேக்கறாங்கல்ல, அதே சமாச்சாரம் பேஸ்கட்பால்லயும் வந்துருச்சுங்க. அதுக்குப் பேரு கோச் சேலஞ்ச். ஆடறவன் கேக்க முடியாது. கேப்டன் கேக்க முடியாது. கோச்சு ஒருத்தர்தான் கேக்கலாம். அந்த வார்த்தையிலயே இருக்குது பாருங்க கௌரவம்.

அமெரிக்காவுல காசு வாங்கிட்டு ஆடற லீக்குல எப்படின்னா, ஆட்டத்தைக் கொஞ்ச நேரம் நிறுத்தக் கேக்கற டைம் அவுட் கையில ஒண்ணு இருந்தாத்தான் சேலஞ்ச், அதுவும் முதல்ல ஒண்ணே ஒண்ணுதான். டைம் அவுட்டைக் கேட்டுட்டு ஆள்காட்டி விரலை மேல தூக்கிச் சுத்துவாங்க. ரெஃப்ரி போயி டி.வி.யில பாப்பாரு. நீங்க சொன்னது சரின்னா டைம் அவுட்டு திரும்ப வந்துரும், இன்னொரு சேலஞ்சும் கெடைக்கும். தப்புன்னா ரெண்டும் போச்சு. உலகப் போட்டிகள்ல விரலைச் சுத்தறதில்லீங்க, இப்பப் பாத்தீங்களே, இந்தக் கட்டந்தான். டி.வி. பொட்டி மாதிரி. எங்க மாவட்டப் போட்டிக் கமிட்டிக்காரங்க ரெண்டையும் போட்டு ஆட்டிட்டாங்க. சட்டம் அமெரிக்காவோடது, கட்டம் உலகத்தோடது, டி.வி. எங்கூரு காளிதாஸோடது.

காளிதாஸ் கல்யாண வீடியோ எடுக்கறவனுங்க. கேமரா வெச்சிருக்கற ஆளு வேற யாருமில்ல, அவனையே கூட்டியாந்து உக்கார வெச்சுட்டாங்க. ஆளு கெட்டிக்காரன்தான். ஆனா அவன் மெஷின்ல எதை ஸ்லோ மோஷன்ல போட்டாலும் ஓரத்துல ரோஜாப்பூ கொட்டுமுங்க. எத்தனை தட்டியும் அதை நிறுத்தத் தெரியலை.

சரி, விசயத்துக்கு வாறன். எங்க டீம்ல தரணிதரன்னு ஒரு பையன். ஏழாங்கிளாஸ்ல இருந்து எங்கிட்ட ஆடறவன். அப்பா இல்ல, அம்மா பனியன் கம்பெனியில பிசிறு வெட்டறாங்க. அவனை மாதிரி பந்தைத் தடுக்கற ஆளு இந்தப் பக்கத்துலயே இல்லீங்க, சும்மா சொல்லலை. ஒரு பெரிய அரசாங்க ஆபீஸ் டீமுக்கு ஸ்போர்ட்ஸ் கோட்டாவுல ஒரே ஒரு ஆளு எடுக்கறாங்க, ஃபைனலுக்கு செலக்டர் வர்றாருன்னு தகவல் வந்துச்சு. இருபத்தஞ்சு வயசு தாண்டக் கூடாது. அவனுக்கு அடுத்த மாசம் முடியுது. இதை விட்டா வேற இல்லை.

செலக்டரு ஆட்டத்துக்கு முன்னாடியே எங்கிட்டச் சொல்லிட்டாரு. ஆட்டத்தோட நாலு குவார்ட்டர்ல முதல் மூணு எல்லாப் பசங்களும் நல்லாத்தான் ஆடுவாங்க சார், எனக்கு கடைசி ரெண்டு நிமிஷம் பாத்தாப் போதும்னாரு. நான் சொன்னன், அந்த ரெண்டு நிமிஷம் தரணிக்குன்னே செஞ்சதுங்கன்னு.

நானும் சும்மா போகலைங்க. ஒரு மாசம் பயிற்சி எடுத்தன். என் பையன் ஜெர்மனிக்குப் போறப்ப அந்த வீடியோ கேம் பொட்டியை ஊட்டுலயே விட்டுட்டுப் போயிட்டான். அதுல பேஸ்கட்பால் இருக்குது. அமெரிக்கா டீமெல்லாம் அச்சு அசலா வர்றாங்க, வேர்வைகூட வடியுதுங்க. அதுலயும் கோச் சேலஞ்ச் உண்டு. பட்டனை அமுக்குனா ரீப்ளே ஓடும், கம்ப்யூட்டரு தீர்ப்புச் சொல்லும். அதுல ரெஃப்ரி விசில் ஊதற ஒவ்வொரு தடவையும் நான் அமுக்குவன். பாதிக்கு மேல கம்ப்யூட்டரு எனக்கு எதிராத்தான் சொல்லும். அப்ப என்ன பண்ணுவன்னா, ஆட்டத்தை நிறுத்திட்டு முதல்ல இருந்து புதுசா ஆரம்பிச்சுருவன். அந்த மாசம் பூரா நான் ஒரு மேட்ச்கூடத் தோக்கலைங்க.

எங்கூட்டுக்காரி மரகதமும் ஆடுவா. தாலுகா ஆபீஸ்ல இருந்து ரிட்டையர் ஆனவ. பேஸ்கட்பாலுக்கும் அவளுக்கும் சம்பந்தமே கெடையாது. நான் தூங்கற மத்தியானத்துல ஆடி ஆடிப் பழகிட்டா. அவ ஆட்டமே வேற. சேலஞ்சைத் தொடவே மாட்டா. நாலாவது குவார்ட்டர் வரைக்கும் அப்படியே வெச்சிருந்து, ரீப்ளேயை வெறுங்கண்ணுல பாத்துட்டு, அப்பறமா அமுக்குவா. தோத்தா தோத்ததுதான், திரும்ப ஆரம்பிக்க மாட்டா. எங்கிட்டச் சொன்னா, "ஏனுங்க, அதைக் கடைசி வரைக்கும் கையில வெச்சுக்கங்க. ஏதாச்சும் ஒரு பையன் தப்பே பண்ணாம நிக்கறப்ப வேணுமில்லீங்களா?"

நான் சொன்னன், "அம்மிணி, இது பட்டா மாத்தற வேலையில்ல, எனக்குத் தெரியும் விடு."

அவளுக்கு எதுக்குச் சொல்லணும்னு சில விசயத்தைச் சொல்லலைங்க. உங்ககிட்டச் சொல்றன். இந்த சேலஞ்சு எங்க மாவட்டத்துலயே முதல் தடவை. அதுவும் ஃபைனலுக்கு மட்டுந்தான். அப்படின்னா மாவட்டத்துல முதன்முதலா சேலஞ்ச் கேட்ட கோச்சுன்னு ஒரு ஆளுதான் இருக்க முடியும். சரித்திரம் தம்பி. அதுல ரெண்டாவதா வந்தவனை யாரு கேப்பாங்க? எதிர் டீமுக்கு கோச்சு ராயப்பன். அந்தாளுக்கும் இதே நெனப்புன்னு எனக்கு உளவு வந்துருச்சு. கண்ணாடி முன்னால நின்னு கட்டம் போட்டுப் பாக்கறானாம். நானும் போட்டுப் பாத்தவன்தான், ஆனா நான் பயிற்சிக்காகப் போட்டன்.

பத்திரிகைக்காரர் ஒருத்தரையும் சொல்லி வெச்சிருந்தன். எங்க பெஞ்சுக்கு எதுக்காப்பல நிக்கச் சொன்னன். எப்ப சார் கேப்பீங்கன்னாரு. முதல் அஞ்சு நிமிஷத்துக்குள்ள எதாவது வருமுங்கன்னன்.

சாயங்காலம் நாலு மணிக்கு ஆட்டம். நல்ல கூட்டம். மரகதமும் வந்து மேல உக்காந்திருந்தா, பக்கத்துல தரணியோட அம்மா. அன்னிக்கு கம்பெனிக்கு லீவு போட்டுட்டு வந்திருந்தாங்க.

மூணாவது நிமிஷம். பந்து எங்க பக்கக் கோட்டைத் தாண்டி வெளிய போச்சு. தரணியும் அவங்க ஆளும் ஒண்ணா எட்டுனாங்க. ரெஃப்ரி பந்து அவங்களுக்குன்னு கையைக் காட்டிட்டாரு. நான் ராயப்பனைப் பாத்தன். அவனுக்குச் சாதகமாத்தான் வந்திருக்குது, ஆனாலும் அவன் கை ரெண்டும் இடுப்புல இருந்து மேல வர்ற மாதிரி இருந்துச்சு. சத்தியமாப் பாத்தனுங்க. வேட்டியைச் சரி பண்ணுனேன்னு பின்னால சொன்னான், பொய்யி.

இதுக்குள்ள தரணி எங்கிட்ட ஓடியாந்தான். "சார், என் விரல்ல பட்டுத்தானுங்க போச்சு. விட்டுருங்க சார்."

"நீ ஆடற வேலையைப் பாரு கண்ணு"ன்னு சொல்லிட்டுப் போட்டன் பாருங்க கட்டம். எத்தனை சுத்தமா வந்துச்சுங்கறீங்க. மூலைக்கு மூலை மட்டம் பாத்த மாதிரி.

இருங்க, போட்டோ வெச்சிருக்கறன். லேமினேஷன் பண்ணிட்டன், பஸ்ல போக வர கசங்குது. பாருங்க, "மாவட்டத்தின் முதல் சேலஞ்ச்: கோச் சென்னியப்பன் அசத்தல்". அசத்தல்னு அவங்களாப் போட்டதுங்க, நான் சொல்லலை. பின்னால நிக்கறானே, ஒத்தை விரலைத் தூக்கிக் காட்டிக்கிட்டு, அவன்தான் தரணி. வெற்றிதான்னு விரலைக் காட்டறான்னு கீழ எழுதியிருக்காங்க. அவன் எந்த விரல்ல பட்டுச்சுன்னு எனக்குக் காட்டுனதுங்க அது. பத்திரிகைன்னா ஒண்ணு ரெண்டு பிழை இருக்கத்தான் செய்யும்.

டிக்கெட் வாங்கிக்கங்க. இவருக்கு கோயமுத்தூர் ஒண்ணு. எனக்கு எப்பவும் போல பல்லடம்.

போயிட்டான். எங்க விட்டனுங்க? ஆமா, டி.வி. காளிதாஸ் போட்டுக் காட்டுனான். பந்து வருது, தரணி கை வருது, நடுவிரல் நுனி பந்துல பட்டு இத்தனூண்டு வளையுது, சுத்தியும் ரோஜாப்பூ கொட்டுது. கூட்டமே சிரிச்சுச்சு. ரெஃப்ரி வந்து சேலஞ்ச் தோல்வி, டைம் அவுட்டும் போச்சுன்னாரு. போகட்டும்னு விட்டன். சரித்திரத்துல ஜெயிச்சதா தோத்ததான்னு யாரு பாக்கறாங்க? முதல்ல கேட்டது யாருன்னுதான் பாப்பாங்க.

மேல பாத்தன். எல்லாரும் சிரிக்கறாங்க, மரகதம் மட்டும் சிரிக்கலை. என்னையே பாத்துட்டு உக்காந்திருந்தா.

அப்பறம் ஆட்டம் பிரமாதமாப் போச்சுங்க. தரணி அன்னிக்கு ஆடுன ஆட்டம் இருக்குதே, இப்ப நெனச்சாலும் எனக்குக் கண்ணுல தண்ணி வந்துரும். எட்டு பந்தைத் தடுத்தான். ஆனா தடுக்கற ஆளுக்கு, எதிராளி மேல கை பட்டுப் பட்டு பவுலும் சேருமுல்லீங்க. நாலு பவுல் ஆயிப்போச்சு. அஞ்சாவது விழுந்தா வெளிய போயிரணும், திரும்ப உள்ள வர முடியாது. கடைசி குவார்ட்டர்ல ஜாக்கிரதையா ஆடிட்டிருந்தான்.

ரெண்டு நிமிஷம் இருக்குது. செலக்டரு கீழ எறங்கி வந்து கோட்டுக்குப் பக்கத்துல சேரு போட்டு உக்காந்துட்டாரு, நோட்டும் பேனாவுமா. நாங்க அறுபத்தெட்டு, அவங்க அறுபத்தேழு. அவங்க ஆளு ஒருத்தன் பந்தோட உள்ள பூந்து எகுறுனான். தரணியும் எகுறுனான். பந்தை மட்டும் தட்டுனானுங்க. வெறும் பந்தை. தட்டுன சத்தம் எனக்குக் கேட்டுச்சு, அது உடம்புல பட்ட சத்தமில்ல. அந்தப் பையன் தானா தடுக்கி விழுந்தான்.

விசில்.

அஞ்சாவது பவுல்.

தரணி ரெஃப்ரியைப் பாக்கலைங்க. நேரா என்னையப் பாத்தான். காலையில பாடம் கேக்க வர்ற மாதிரி, சார் பாத்துக்குவாருன்னு ஒரு பார்வை. மூணாவது நிமிஷத்துல நான் என்ன பண்ணுனன்னு அந்த நேரத்துக்கு அவனுக்கு மறந்தே போச்சுன்னு நெனைக்கறன். இல்ல, மறந்த மாதிரி இருந்தான்.

நான் கட்டம் போட்டன். ரெஃப்ரி வந்து மெதுவாச் சொன்னாரு, "சார், உங்களுது முடிஞ்சுருச்சுங்க." நான் மறுபடி போட்டன். "சார், வேண்டாம்"னாரு. கோட்டுக்குள்ள போயி அவரு மூஞ்சிக்கு நேரா மூணாவது தடவை போட்டன். ரெஃப்ரிகிட்ட மல்லுக்கு நின்னதுக்கு அபராதமா எனக்கு டெக்னிக்கல் பவுல் குடுத்துட்டாரு. அதுக்கு, யாரும் தடுக்காம நின்னு கூடையில போடற ஃப்ரீ த்ரோ ஒண்ணு, பழைய பவுலுக்கு ரெண்டு. மூணையும் போட்டுட்டானுங்க.

ஒரே பாயிண்டுல தோத்தோம். அறுபத்தொம்பது, எழுவது. என்னோட அந்த ஒரு டெக்னிக்கல் இல்லாம இருந்தா சமமாகி, ஆட்டம் நீண்டிருக்கும்னு ஊருக்குள்ள கணக்குப் போடறாங்க. ஆளாளுக்கு இப்ப கோச்சாயிட்டாங்க. ஆனா நான் கேக்கறது என்னன்னா, முடிஞ்சு போச்சுன்னு ஒரு சட்டம் எப்படிங்க இருக்கலாம்? நியாயம்னா அது எத்தனை தடவை கேட்டாலும் நியாயந்தானுங்களே?

அந்தக் கடைசி ரெண்டு நிமிஷமும் தரணி பெஞ்சுல உக்காந்திருந்தான், துண்டைத் தலையில போட்டுக்கிட்டு. செலக்டரு அவனை ஒரு தடவை பாத்தாரு. அப்பறம் நோட்டுல வேற யாரு பேரையோ எழுதுனாரு. அந்தத் தடுக்கி விழுந்த பையனைத்தான் எடுத்தாங்கன்னு பின்னால கேள்விப்பட்டன்.

ஆட்டம் முடிஞ்சப்பறம் காளிதாஸ் கூப்புட்டு அந்த பவுலைப் போட்டுக் காட்டுனான். பளிச்சுன்னு தெரியுதுங்க. கைக்கும் அந்தப் பையனுக்கும் நடுவுல ஒரு சாண் எடம் இருக்குது. ரோஜாப்பூ அந்த இடைவெளி வழியாத்தான் உழுகுது. ரெஃப்ரியே பாத்துட்டு, "பவுல் இல்லீங்க சார், நான் தப்பாக் குடுத்துட்டன், நீங்க கேட்டிருந்தா மாத்தியிருப்பன்"னாரு. "கேட்டிருந்தா"ன்னா என்னங்க அர்த்தம்? மூணு தடவை கேட்டனே.

பாட்டை நிறுத்திட்டாங்களா? பரவாயில்லீங்க, எனக்கு இதுதான் தொண்டை. முப்பத்தோரு வருஷம் கிரவுண்டுல கத்துன தொண்டை. மெதுவாப் பேச வராது.

அன்னையில இருந்து மனு போட்டுக்கிட்டிருக்கறனுங்க. இது பதினோராவது. பல்லடத்துல சங்கச் செயலாளரு இருக்காரு, அவர்கிட்டக் குடுக்கத்தான் போறன். ஒவ்வொரு கோச்சுக்கும் கடைசி ரெண்டு நிமிஷத்துக்குன்னு தனியா ஒரு சேலஞ்ச் ஒதுக்கணும், முன்னால பயன்படுத்தியிருந்தாலும் அது பாதிக்கக் கூடாது. நல்ல யோசனைதானுங்களே? நாலு பக்கம் எழுதியிருக்கறன். மரகதம்தான் பிழை பாத்துக் குடுப்பா, ஆபீஸ் பழக்கம். இந்தத் தடவை படிச்சுட்டுக் கேட்டா, "நாலு பக்கம் எழுதியிருக்கீங்க, இதுல அந்தப் பையன் பேரு எங்கீங்க?"

"இது சட்டத்தைப் பத்தின மனு, ஆளைப் பத்தினதில்ல"ன்னன். காயிதத்தை மடிச்சுக் குடுத்துட்டு உள்ள போயிட்டா. வீடியோ கேமையும் இப்ப என்னைய ஆட விடறதில்லீங்க. பொட்டியைத் துணி போட்டு மூடி வெச்சிருக்கா. திரும்பத் திரும்ப முதல்ல இருந்து ஆரம்பிக்கறதைப் பாத்தா அவளுக்குத் தலை வலிக்குதாம்.

ஆட்டம் முடிஞ்ச ரெண்டாம் நாள் அவ தரணி ஊட்டுக்குப் போயிட்டு வந்தா. அவங்க அம்மாகிட்ட ஒரு மணி நேரம் இருந்திருக்கா. வந்தவகிட்ட "என்ன பேசுன?"ன்னு கேட்டன். "நீங்க பேச வேண்டியதை"ன்னா. எனக்கு ஒண்ணும் புரியலைங்க. நான் அங்க போயி என்ன பேச? தப்பு ரெஃப்ரியோடது, சட்டம் கமிட்டியோடது. போனா அவங்க சங்கடப்படுவாங்களேன்னுதான் நான் போகலை.

தரணி இன்னைக்கு வரைக்கும் ஒரு வார்த்தை கேக்கலை. சார்னுதான் கூப்புடறான். அவன் திட்டியிருந்தாக்கூட நான் பதில் சொல்லியிருப்பன், நாலு பக்கத்துக்கு எங்கிட்டப் பதில் இருக்குது. கேக்காதவனுக்கு எப்படிங்க பதில் சொல்றது? சில நாள் வாய் வரைக்கும் என்னமோ வரும். வந்துட்டு அப்படியே உள்ள போயிரும்.

இப்ப அவன் என்ன பண்றான்னு கேக்கறீங்களா? உங்களுக்கு டிக்கெட் குடுத்தானில்லீங்க, அவன்தான்.

ஏன் தம்பி அப்படித் திரும்பிப் பாக்கறீங்க, பாக்காதீங்க. ஒரு வருஷம் ஆச்சு இந்த பஸ்ல. எட்டு மணிக்கு கவர்மெண்ட் பஸ்சு ஒண்ணு தனியாப் போகுது, அது சும்மாத்தான் கெடக்கும், சீட்டு தாராளமாக் கெடைக்கும். ஆனாலும் நான் இந்த பிரைவேட் பஸ்சுலதான் வருவன். இந்தக் கதையை யாருகிட்டயாவது சொல்லிட்டே வருவன். அவனுக்கும் காதுல விழுமில்லீங்க. சட்டத்துல என்ன கோளாறுன்னு அவனுக்கும் தெரியணுமில்லீங்க. வேற ஒண்ணுமில்ல.

வந்துருச்சு பல்லடம். அந்தப் பையை எடுத்துக் குடுங்க. போட்டோவைக் குடுத்துருங்க, அதை மறந்தா அவ்வளவுதான்.

"சார், பாத்து எறங்குங்க. மெதுவா."

கேட்டீங்களா? அவன்தான். கையைக் குடுக்கறான் பாருங்க. விடு கண்ணு, எறங்கிக்கறன். விசில் ஊது.

ஊத மாட்டான் தம்பி. ரெண்டு காலும் தரையில பட்டதைக் கண்ணால பாக்காம ஊதவே மாட்டான். டிரைவர் ஆரன் அடிச்சாலும் சரி, பின்னால வண்டி நின்னாலும் சரி. ஒரு வருஷமாப் பாக்கறன், ஒரு தடவைகூடத் தப்பா ஊதுனதில்ல. இருக்கறதை இருக்கறபடி பாத்துச் சொல்ற ஆளு. இப்படி ஒருத்தன், ஒரே ஒருத்தன், அன்னிக்கு கிரவுண்டுல இருந்து எனக்கு முன்னாடியே சொல்லியிருந்தா, எனக்கு இத்தனை மனு எழுதற வேலையே இருந்திருக்காதுங்களே.